தீர்ப்புக்குப் பிறகு 14 நாள்

கடுகண்ணாவையிலிருந்தும் சுற்றுத் தோட்டங்களிலிருந்தும் ஒரு நாள் வேலையை விட்டு வந்திருக்கும் அம்மாமாரே, அண்ணன் தம்பிகளே,

2025 மே 11 அன்று கொத்மலை கெரண்டிஎல்லயில் பஸ் பள்ளத்தில் பாய்ந்தபோது நாடே இறந்தவர்களை எண்ணியது. கை போனவரை, இடுப்பு ஒடிந்தவரை யார் எண்ணினார்கள்? நம் வாசல் வழியாக ஓடும் கண்டி–கொழும்பு வீதியில் அடிபட்டு ஆஸ்பத்திரியில் கிடந்து வந்தவர்கள் கதையும் அதுதான். அவர்களுக்காகத்தான் பேசுகிறேன்.

மூன்றாம் தரப்புக் காப்புறுதி இல்லாமல் வாகனம் ஓடக்கூடாது என்கிறது 1951ஆம் ஆண்டின் 14ஆம் இலக்க மோட்டார் வாகனச் சட்டம். ஆனால் கம்பனி தானாக வந்து காசை எண்ணி வைக்காது. 2 வருடத்துக்குள் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு, சாரதியின் கவனயீனத்தை நிரூபிக்க வேண்டும். பிறகு தவணை, தவணை, தவணை. ஒருநாள் தீர்ப்பு வரும். கேட்டது 30 இலட்சம், கிடைத்தது 4 இலட்சம் என்று வையுங்கள். வீட்டில் என்ன சொல்வார்கள்? "கெடச்சது போதும், அலைஞ்சது போதும்."

அந்த இடத்தில்தான் நான் குறுக்கே நிற்கிறேன்.

நட்டஈடு போதாதென்றால் மாகாண குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம் இருக்கிறது. 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டம் அந்த வழியைத் திறந்தது. ஆனால் தீர்ப்பளித்த அதே மாவட்ட நீதிமன்றத்தில் 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல் கொடுத்தாக வேண்டும். தீர்ப்பு நாளையும் ஞாயிறுகளையும் பொது விடுமுறைகளையும் கழித்துக்கொள்ளலாம். பிறகு, தீர்ப்பு நாளிலிருந்து 60 நாளுக்குள் மனு. முதலாவதைத் தவறவிட்டவருக்கு இரண்டாவதால் பயனில்லை.

இனி நம்முடைய சிக்கல். வடக்கு கிழக்குக்கு வெளியே நீதிமன்ற மொழி சிங்களம். நம்மவர் தீர்ப்புப் பிரதியைச் சுருட்டிக்கொண்டு, கடை முதலாளியிடம் காட்டி, மச்சானிடம் காட்டி, விஷயம் விளங்குவதற்குள் ஒரு கிழமை போய்விடுகிறது. மொழிபெயர்ப்பு கேட்கும் உரிமையை அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை தருகிறது. கேளுங்கள், ஆனால் அதற்காகக் காத்திருக்காதீர்கள். நாட்கணக்கு அதுபாட்டில் ஓடும். தீர்ப்பன்றே, நீதிமன்றப் படி இறங்குமுன், "மேன்முறையீடு செய்ய இடமுண்டா?" என்று சட்டத்தரணியிடம் கேட்டுவிடுங்கள்.

மேல் நீதிமன்றம் பொதுவாக உங்களை மறுபடி கூண்டில் ஏற்றாது, வழக்கேட்டைத்தான் வாசிக்கும். அதனால் உடம்பில் போனது மட்டுமல்ல, பிழைப்பில் போனதும் அதில் இருக்க வேண்டும். இந்திய உச்ச நீதிமன்றம் 2010இல் ராஜ்குமார் என்பவரின் விபத்து நட்டஈட்டு வழக்கில் அழகாகச் சொன்னது: இடது கை போன சாரதியோ தச்சரோ பிழைப்பையே முழுதாக இழக்கலாம், அரசாங்க எழுதுவினைஞருக்கு வேலை போகாமலும் இருக்கலாம். நம் நீதிமன்றங்களை அது கட்டுப்படுத்தாது, எடுத்துக்காட்டலாம். வைத்திய அறிக்கையில் இருக்கும் சதவீதத்தை மட்டும் நம்பாதீர்கள். விரல் போன அக்கா முன்பு எத்தனை கிலோ கொழுந்து எடுத்தார், இன்று அரைப்பேராவது, அதாவது அரைநாள் சம்பளமாவது, கிடைக்கிறதா என்பது தோட்டத்துச் செக்ரோல் பதிவோடு வழக்கேட்டில் ஏற வேண்டும். விசாரணையில் அதைச் சொல்லாதவர் மேன்முறையீட்டில் எதைக் காட்டுவார்?

எல்லாரும் மேன்முறையிடுங்கள் என்று நான் சொல்லவில்லை. 2001இல் நம் உயர் நீதிமன்றம் ஒரு மருத்துவக் கவனயீன வழக்கில், மரணத்துக்கு அதுதான் காரணமென்று நிரூபிக்கப்படவில்லை எனக் கூறி, நட்டஈட்டையே இல்லாமலாக்கியது. மேலே போனால் கூடவும் செய்யும், கரையவும் செய்யும்.

எதிர்த்தரப்பு மேன்முறையீடு செய்தால் மனம் தளர வேண்டாம். உரிய முன்னறிவித்தல் கொடுத்து, "எனக்குக் கிடைத்ததே குறைவு" என்று நீங்களும் அங்கே ஆட்சேபிக்கலாம். மேன்முறையீடு முடியுமுன்பே தீர்ப்பை நிறைவேற்றும்படியும் விண்ணப்பிக்கலாம். குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவை இரண்டுக்கும் இடம் தருகிறது.

ஒன்றை வெளிப்படையாகவே சொல்கிறேன். இந்தியாவில் வீதி விபத்து நட்டஈட்டுக்கெனத் தனித் தீர்ப்பாயம் உண்டு. மேன்முறையீட்டுக்கு 90 நாள் உண்டு. இங்கே அறிவித்தலுக்கு 14 நாள்தான். காப்புறுதிக் கம்பனியின் சட்டப் பிரிவுக்கு அது தாராளம். ஊன்றுகோலோடு தோட்டத்திலிருந்து இறங்கி வருகிறவருக்கு அது அநியாயம். நம் பாராளுமன்ற உறுப்பினர்கள் ஓட்டுக் கேட்டு வரும்போது இந்த 14 நாளைப் பற்றிக் கேளுங்கள்.

கையில் காசில்லாதவர்களுக்கு 1978ஆம் ஆண்டுச் சட்டத்தால் அமைந்த சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது. சிங்களம் வாசிக்கத் தெரிந்த தம்பி தங்கைகளே, உங்கள் லயத்தில் யாருக்காவது தீர்ப்பு வந்தால், அன்று மாலையே வாசித்துச் சொல்லி, மறுநாள் காலையில் அவரைக் கண்டிக்குக் கூட்டிப் போங்கள்.