பழைய காயமும் நோய்க் குறியீடும்
(ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



நம் குடியிருப்புகளில் பட்டம் பெற்ற பிள்ளைகள் சிலர் கோவைக்கும் சென்னைக்கும் 'மெடிக்கல் கோடிங்' பணிக்குச் செல்கின்றனர். அஃது என்ன வேலை என்று பாட்டிமார் வினவினால், "நோய்க்கு நம்பர் போடுகிறோம்" என்று கூறிச் சிரித்துவிடுகின்றனர். அந்த நம்பரில் நமக்கும் பங்குண்டு என்பதை, ஒரேயொரு வகைத் துன்பத்தைக் கொண்டு இன்று எடுத்துரைக்க விழைகின்றோம். என்றோ வயிற்றில் பட்ட அடி பின்னாளில் தரும் துன்பமே அது.

நெல்லியாம்பதி முதல் தேவிகுளம், பீர்மேடு வரை, தேயிலைச் சரிவில் சறுக்கி விழுந்தோரையும், ஜீப்பு கவிழ்ந்து பிழைத்தோரையும், காட்டு விலங்கு தாக்கித் தப்பியோரையும் நாம் அறிவோம். தையல் பிரித்தாயிற்று, கதை முடிந்தது என்று எண்ணுகின்றோம். வயிறு அவ்வாறு எண்ணுவதில்லை. அறுவை நடந்த வயிற்றினுள் குடல் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதுண்டு. பத்தாண்டு கழிந்த பின்னும் அவ்வொட்டு குடலை அடைத்துவிடக் கூடும். வயிறு உப்பி, வாந்தி எடுத்து, காற்றும் பிரியாமல் நோவுமாயின், அது சோடா குடித்துப் பார்க்கும் நேரம் அன்று. மருத்துவமனைக்கு விரைய வேண்டிய நேரம். பழைய தழும்பின் வழியே பிதுங்கும் குடலிறக்கமும் உண்டு.

இவற்றினும் அஞ்சத்தக்கது ஓசையின்றி இருப்பது. மண்ணீரல் சிதைந்து குருதி கொட்டும்போது, அதனை அகற்றியே உயிரைக் காக்க நேர்வதுண்டு. பின்னர் அவர் நலமாகவே நடமாடுவார், கொழுந்தும் பறிப்பார். ஆயினும் நிமோகாக்கஸ் முதலிய கிருமிகளை எதிர்க்கும் ஆற்றல் அவருக்குக் குறைவு. சாதாரணக் காய்ச்சலாகத் தொடங்குவது ஓரிரு நாளில், சில வேளை சில மணி நேரத்திலேயே, உயிரைப் பறிக்கக் கூடும். ஆதலின் அவருக்கென்று தனித் தடுப்பூசிகள் உள்ளன. காய்ச்சல் கண்டவுடன் "எனக்கு மண்ணீரல் இல்லை" என்று அவர் மருத்துவரிடம் சொல்லியாக வேண்டும்.

இனிக் குறியீட்டுக்கு வருவோம். 1893-இல் பெர்த்தியோன் என்னும் பிரெஞ்சு அறிஞர் அளித்த மரணக் காரணப் பட்டியலே இதன் வித்து. 1948-இல் உலக சுகாதார நிறுவனம் அப்பொறுப்பை ஏற்றது. அதன் பத்தாம் பதிப்பில் வயிற்று உள்ளுறுப்புக் காயத்துக்கு 'எஸ் 36' என்பது குறி. அக்காயம் ஆறியபின் எஞ்சிய விளைவுக்கு 'டி 91.5'. ஓராண்டோ அதற்கு மேலோ கழிந்தும் நிற்பதை விளைவு என்றே கொள்ளலாம் என்று அந்நூல் விதிக்கிறது. குறிக்கும் முறையில் ஓர் ஒழுங்குண்டு: இன்றைய துன்பம் முன்னே, அதன் மூலம் பின்னே. ஒட்டினால் குடல் அடைத்ததாயின் 'கே 56.5' முதலில் வரும், 'டி 91.5' அதைத் தொடரும்.

அமெரிக்கர் 2015 அக்டோபர் 1 முதல் கையாளும் பதிப்பு சற்றே வேறு. அங்கே 'டி 91.5' இல்லை, காயத்தின் குறியிலேயே ஏழாம் இடத்தில் 'எஸ்' என்னும் எழுத்தைச் சேர்ப்பர். சிகிச்சை நடக்கும் காலத்தில் அவ்விடத்தில் 'ஏ' நிற்கும். ஆறிவரும் காலத்தில் 'டி' நிற்கும். விளைவைக் காட்டும் 'எஸ்' காயத்தின் குறிக்கே உரியது, இன்றைய நோயின் குறிக்கு அன்று. கால வரம்பும் அங்கு இல்லை. கோடிங் பயிலும் நம் இளைஞர் இதனை நன்கு மனத்திற் கொள்க.

இதனால் பாட்டிக்கு என்ன என்பீர்கள். 1956 நவம்பர் 1-இல் மாநில எல்லை வகுக்கப்பட்டது. நம் நோயாளிகளோ இன்றும் அதனைக் கடந்தே செல்கின்றனர். பாலக்காட்டார் வாளையாறு தாண்டிக் கோவைக்கும், மலை மேலுள்ளோர் போடிமெட்டோ குமுளியோ இறங்கித் தேனிக்கும் போகின்றனர். மலையாளம் அறியாத மருத்துவருக்கும் தமிழ் அறியாத மருத்துவருக்கும் 'எஸ் 36' ஒன்றே. ஆனால் குறியிடுவோர் ஊகித்து எழுதலாகாது. "முன்பு வயிற்றில் ஆபரேஷன்" என்று மட்டும் மருத்துவர் எழுதியிருந்தால், காயம் ஏட்டில் ஏறாது. இன்ன காயத்தின் விளைவு இஃது என்று அவர் எழுத வேண்டும். அவர் எழுத நாம் சொல்ல வேண்டும். நாம் சொல்லப் பழைய டிஸ்சார்ஜ் சீட்டு வேண்டும். அச்சீட்டோ மழைக்காலத்தில் பெட்டியடியில் நனைந்து கிடக்கிறது, அல்லது அடுப்பெரிக்கப் போய்விட்டது!

ஆகவே வரும் ஞாயிறு காலை நம் படிப்பகத்தில் இளைஞர் சிலர் அமர்ந்திருப்பர். வயிற்றில் காயமுற்றோர் கையிலுள்ள சீட்டுகளைக் கொண்டு வருக. எந்த ஆண்டு, எவ்வாறு பட்ட அடி, எந்த உறுப்பைத் தைத்தனர், எதனை அகற்றினர், எந்த ஊர் மருத்துவமனை, எந்தத் தடுப்பூசி போட்டாயிற்று என்பவற்றை ஒரே தாளில் எழுதித் தருவர். குறியீட்டை மருத்துவமனையார் இடுவர். அது நம் வேலையன்று. சீட்டு இல்லாதோரும் வரலாம்; ஆண்டும் ஊரும் தெரிந்தால், அம்மருத்துவமனைக்குப் படி கேட்டு விண்ணப்பம் எழுதித் தருவர். மண்ணீரல் அகற்றப்பட்டோர் முதலில் வருக.