இரவுக் காவலுக்கு ஏற்ற டார்ச் லைட்



"டார்ச் லைட் வாங்குறதுக்குக்கூட ஒரு பேச்சா? கடைக்குப் போனோமா, எரியுதான்னு பார்த்தோமா, வாங்கினோமா, அவ்வளவுதானே!" என்று உங்களில் சிலர் நினைக்கலாம். நினைப்பதில் தப்பில்லை. ஆனால் விதை வாங்கும்போது மூட்டையில் உள்ள சான்று அட்டையைப் பார்க்கிறோம். மருந்து வாங்கும்போது காலாவதித் தேதியைப் பார்க்கிறோம். ராத்திரி வரப்பிலே நம்ம காலுக்கும் உயிருக்கும் துணையாக வருகிற பொருளை மட்டும் ஏன் பார்க்காமல் வாங்க வேண்டும்?

மடை மாற்றப் போகிறவர்கள், களத்து மேட்டில் நெல்லுக்குக் காவல் படுப்பவர்கள், கடலைக் கொல்லையில் பன்றிக்குக் காவல் இருப்பவர்கள், அறுவடை முடிந்த வயலில் கிடை போட்டு மாதக்கணக்கில் வெட்டவெளியில் தங்குகிற கீதாரிகள் – இவர்களுக்கெல்லாம் டார்ச் லைட் ஒரு வசதிப் பொருள் அல்ல, வேலைக் கருவி. நம் நாட்டில் 2000 முதல் 2019 வரை இருபது ஆண்டுகளில் பாம்புக்கடியால் சுமார் 12 லட்சம் பேர் இறந்திருப்பார்கள் என்று 2020-இல் வெளியான ஓர் ஆய்வு கணக்கிட்டது. ஆண்டுக்குச் சராசரி 58,000 பேர். பெரும்பாலோர் கிராமத்து மக்கள். இதில் கணிசமான கடிகள் மழைக்காலத்தில், காலடி தெரியாத இருட்டில் நடப்பவை. ஆகவே இதைக் கொஞ்சம் விவரமாகவே பார்ப்போம்.

முன்பெல்லாம் நாம் வைத்திருந்தது இரண்டு கட்டை, மூணு கட்டை பேட்டரி லைட். உள்ளே சின்ன பல்பு. பின்னால் பளபளப்பான கிண்ணம். தலையைத் திருகினால் வெளிச்சம் கூடும், விரியும். இப்போது பல்புக்குப் பதில் எல்.இ.டி. வந்துவிட்டது. கடைக்காரர்கள் "ஜூம் லைட்" என்று கொடுப்பதில் கிண்ணம் கிடையாது. எல்.இ.டி. சில்லுக்கு முன்னால் ஒரு குவி லென்ஸ் இருக்கும். தலையை முன்னே இழுத்தால் வெளிச்சம் குவியும். உள்ளே தள்ளினால் விரியும்.

இதன் சூட்சுமத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். லென்ஸைத் தள்ளி நிறுத்தும்போது அது சில்லின் உருவத்தையே தூரத்தில் கொண்டுபோய்க் காட்டுகிறது. அதனால்தான் சுவரில் அடித்தால் வட்டமாக இல்லாமல் சதுரமாக விழுகிறது. அது கோளாறு அல்ல. ஆனால் ஒரு விஷயம்: லென்ஸ் தள்ளிப்போகப் போக, சில்லில் இருந்து வருகிற வெளிச்சத்தில் ஒரு பெரும் பங்கு குழாயின் உட்சுவரில் பட்டு வீணாகிவிடும். குவித்த வெளிச்சம் தூரம் போகும். ஆனால் மொத்த வெளிச்சம் குறைவு.

இதைவிட முக்கியம் இன்னொன்று. கிண்ணம் வைத்த லைட்டில் நடுவிலே பளிச்சென்ற வெளிச்சமும், சுற்றிலும் மங்கலான வெளிச்சமும் இருக்கும். ஜூம் லைட்டைக் குவித்துவிட்டால் அந்தச் சுற்று வெளிச்சம் அநேகமாக இல்லை. கட்டத்துக்குள் பட்டப்பகல், கட்டத்துக்கு வெளியே கும்மிருட்டு. தூரத்தில் பத்து அடி முன்னால் குவித்து அடித்துக்கொண்டு நடக்கிறவருக்குத் தன் பாதத்துக்குப் பக்கத்தில் கிடக்கிற விரியன் தெரியாது. எனவே நடக்கும்போது விரித்து வைக்க வேண்டும். நின்று பார்க்கும்போது மட்டும் குவிக்க வேண்டும். இந்த ஒரு பழக்கம் வந்துவிட்டால் போதும், கொடுத்த காசுக்குப் பலன் கிடைத்துவிடும்.

லைட்டை இடுப்பு உயரத்தில் பிடித்து, மூணு நாலு அடி முன்னால் சாய்வாக அடியுங்கள். அப்போது கல், குழி, கயிறு, பாம்பு எல்லாவற்றுக்கும் நிழல் விழும். மேடு பள்ளம் தெரியும். நெற்றியில் கட்டுகிற லைட்டில் கண்ணுக்கு நேரே வெளிச்சம் போவதால் நிழல் தெரியாது. பனி இறங்கும் மார்கழியில் அது கண்ணுக்கு முன்னால் வெள்ளைத் திரையும் போட்டுவிடும். பால் கறக்க, மோட்டார் ரூமில் இரண்டு கையாலும் வேலை பார்க்க அது நல்லது. வரப்பில் நடக்கக் கைலைட்தான் நல்லது.

"கண்ணு மின்னினால் தெரிஞ்சுக்கலாமே" என்று சிலர் சொல்வார்கள். ஆடு, மாடு, நாய், நரி இவற்றின் கண் வெளிச்சம் பட்டால் மின்னும். பன்றிக்கு அப்படி மின்னாது. பாம்பும் கண் மின்னிக் காட்டிக்கொடுக்காது. உருவத்தைத்தான் பார்க்க வேண்டும். அதனால் நீலம் பாய்ந்த வெள்ளை வெளிச்சத்தைவிட, லேசான மஞ்சள் கலந்த வெள்ளை வெளிச்சம் நமக்கு ஏற்றது. காய்ந்த சருகுக்கும் பழுப்புப் பாம்புக்கும் உள்ள நிற வித்தியாசம் அதில் பொதுவாக நன்றாகத் தெரியும்.

இனி அட்டைப் பெட்டியின் மேல் போட்டிருக்கும் எண்களைப் பார்ப்போம்.

லூமென் என்பது லைட்டிலிருந்து வெளிவரும் மொத்த வெளிச்சம். கேண்டலா என்பது ஒரு திசையில் அது எவ்வளவு கூர்மையாகப் போகிறது என்பது. வாய்க்காலில் ஓடுகிற மொத்தத் தண்ணீர் லூமென் என்றால், குழாய் முனையை விரலால் அழுத்தும்போது பீய்ச்சி அடிக்கிற வேகம் கேண்டலா. சட்டைப்பையில் அடங்குகிற லைட்டில் "ஒரு லட்சம் லூமென்" என்று போட்டிருந்தால் சிரித்துவிட்டு வைத்துவிடுங்கள். காரின் ஹாலோஜன் முன்விளக்கு பல்பு ஒன்று, தாழ்த்திப் போடும்போது சுமார் 1,000 லூமென்தான். வரப்பில் நடக்க 50 முதல் 100 லூமென் தாராளம்.

தூரத்தை மீட்டரில் போட்டிருப்பார்கள். அமெரிக்காவில் 2009-இல் வந்த அளவு முறைப்படி, வெளிச்சம் 0.25 லக்ஸ் ஆகக் குறைகிற இடம்தான் அந்தத் தூரம். அதாவது பௌர்ணமி நிலா வெளிச்சம் அளவு. அந்த வெளிச்சத்தில் ஏதோ நிற்கிறது என்று தெரியும்; ஆடா நாயா என்று தெரியாது. ஆகவே போட்டிருப்பதில் பாதி தூரம்தான் நமக்கு உபயோகம் என்று வைத்துக்கொள்ளுங்கள். சதுரமான ஒரு ஏக்கரின் ஒரு பக்கம் சுமார் 64 மீட்டர். உண்மையாகவே 200 மீட்டர் போகிற லைட், ஒரு ஏக்கர் மூலையிலிருந்து மூலை வரை பார்க்கப் போதும். அதற்கு மேல் ஆசைப்பட்டால், இரண்டு மடங்கு தூரத்துக்கு நாலு மடங்கு கூர்மை வேண்டும். விலையும் அப்படித்தான் ஏறும்.

எவ்வளவு நேரம் எரியும் என்பதிலும் ஒரு சங்கதி இருக்கிறது. அதே அளவு முறையில், வெளிச்சம் தொடக்கத்தில் இருந்ததில் பத்தில் ஒரு பங்காகக் குறைகிற வரைக்கும் எரிந்ததாகவே கணக்கு. முழு வெளிச்சம் அத்தனை நேரம் நிற்கும் என்று எண்ணிவிடாதீர்கள்.

அடுத்து பேட்டரி. இப்போது பல லைட்டுகளில் 18650 என்ற லித்தியம் செல் வருகிறது. 18 மில்லிமீட்டர் குறுக்களவு, 65 மில்லிமீட்டர் நீளம், பெயரே அளவுதான். இந்த அளவுச் செல்லில் பொதுவாக 3,500 அல்லது 3,600 மில்லி ஆம்பியர்-மணிதான் உச்சம். 9,900 என்று அச்சிட்டிருந்தால் அது பொய். நல்ல 2,600 செல் என்றால் சுமார் ஒன்பதரை வாட்-மணி மின்சாரம் இருக்கும். ஒரு வாட்டுக்குச் சுமார் 100 லூமென் கிடைக்கும் என்று வைத்தால், குறைந்த வெளிச்சத்தில் ஏறக்குறைய ஒரு ராத்திரி ஓடும். 1,000 லூமெனில் ஒரு மணி நேரம்கூட நிற்காது. அதனால் குறைந்த வெளிச்ச நிலை இருக்கிற லைட்டாகப் பார்த்து வாங்குங்கள். விட்டு விட்டு மின்னுகிற நிலை நமக்கு அவசியமில்லை.

வாரக்கணக்கில் கிடையோடு ஊர் ஊராகப் போகிறவர்களுக்குச் சார்ஜ் போட இடம் கிடைக்காது. அவர்கள் பெட்டிக்கடையில் கிடைக்கும் சாதாரணக் கட்டை போடுகிற லைட்டை வைத்துக்கொள்வது புத்திசாலித்தனம். பழைய கட்டையையும் புதுக் கட்டையையும் சேர்த்துப் போடக்கூடாது. உபயோகிக்காத நாளில் கட்டையை வெளியே எடுத்துவிடுங்கள். இல்லையென்றால் கசிந்து ஸ்பிரிங்கை அரித்துவிடும். லித்தியம் செல் உப்பினாலோ, அதன் உறை கிழிந்தாலோ சார்ஜ் போடக்கூடாது, தீப்பிடிக்கும். வைக்கோல் போர்ப் பக்கத்திலோ, படுக்கையிலோ வைத்துச் சார்ஜ் போடவே வேண்டாம்.

மழை, சேறு விஷயம். ஐ.பி.எக்ஸ். 4 என்று போட்டிருந்தால் தூறல், தெறிப்பு தாங்கும். ஐ.பி.எக்ஸ். 7 என்றால் ஒரு மீட்டர் தண்ணீரில் அரை மணி நேரம் தாங்கும். தலையை இழுத்துத் தள்ளுகிற லைட் ஒவ்வொரு முறையும் சைக்கிள் பம்பு மாதிரி காற்றை உறிஞ்சும். அதோடு ஈரமும் மண்ணும் உள்ளே போகும். வயல் வேலைக்கு, ரப்பர் வளையம் போட்டுத் திருகிக் குவிக்கிற லைட் கிடைத்தால் அதை எடுங்கள்.

கடையில் எப்படிச் சோதிப்பது? வெயிலில் எரித்துப் பார்த்துப் பலனில்லை. இருட்டான மூலைக்குக் கொண்டுபோய் ஐந்தாறு அடி தள்ளிச் சுவரில் அடியுங்கள். விரித்தால் வெளிச்சம் ஓரம் வரை ஒரே சீராக இருக்க வேண்டும். குவித்தால் விளிம்பு தெளிவாக விழ வேண்டும். கையில் லேசாகக் குலுக்குங்கள். தலை தானாக நகர்ந்தாலோ, வெளிச்சம் விட்டு விட்டு வந்தாலோ வேண்டாம். ஈரக் கையாலும், கண்ணால் பார்க்காமலும் சுவிட்சைப் போட முடிகிறதா என்றும் பாருங்கள்.

பெரியோர்களே, நல்ல லைட் வாங்கியும் அதைத் தலைமாட்டில் வைக்காமல் தூங்கினால் பிரயோசனமில்லை. கட்டு விரியன் ராத்திரியில் தரையில் படுத்திருப்பவரைக் கடிக்கும். பல சமயம் வலியே தெரியாது. கட்டிலில், கொசுவலையை ஓரம் செருகிப் படுங்கள். எழுந்தவுடன் காலைக் கீழே வைப்பதற்கு முன் லைட்டை அடியுங்கள். கடித்துவிட்டால் இறுக்கிக் கட்டுவது, கீறுவது, உறிஞ்சுவது எதுவும் வேண்டாம். ஆளை அசைக்காமல் 108-ஐ அழைத்து அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள். மலையோரத்தில் யானை தென்பட்டால் டார்ச்சை நம்பி எதிரே நிற்காதீர்கள். விலகி வந்து வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

தொகுத்துச் சொல்கிறேன். லூமென் எண்ணைப் பார்த்து மயங்க வேண்டாம். குறைந்த வெளிச்ச நிலை இருக்கட்டும். உங்களுக்குக் கிடைக்கிற பேட்டரிக்கு ஏற்ற லைட்டாக இருக்கட்டும். ஈரம் புகாத, திருகுகிற தலை இருக்கட்டும். நடக்கும்போது விரியுங்கள், நின்று பார்க்கும்போது குவியுங்கள். வீட்டிலே மடை மாற்றப் போகிற பிள்ளைகளுக்கும் இதைச் சொல்லிக்கொடுங்கள்.