புனல்வலைச் சிலந்தி



மார்கழி விடியற்காலையில் பெங்களூரின் லால்பாக்கிலோ கப்பன் பூங்காவிலோ உலாவச் செல்லும் அன்பர்கள், புல்தரையின்மேல் அங்கங்கே வெண்துகில் விரித்தாற்போன்ற சிறு வலைகளைக் கண்டிருப்பார்கள். பனித்துளி படிந்திருக்கும் வேளையில்தான் அவை நன்கு புலனாகும். வெயில் ஏறியதும் கண்ணுக்குத் தப்பிவிடும். குனிந்து நோக்கினால், அவ்விரிப்பு ஒரு பக்கத்தில் குழிந்து, எண்ணெய் ஊற்றும் புனலைப் போலக் குறுகி உள்ளே செல்வதைக் காணலாம். அதன் வாயிலில் சிலந்தி காத்திருக்கும். விரிப்பில் பூச்சி விழுந்தால் பாய்ந்து பற்றும். நம் காலடி ஓசைப்பட்டால் உள்ளே ஓடிப் பின்வழியாக நழுவிவிடும்.

இத்தகைய வலையைத் தோட்டத்து வேலியிலோ வாயிற்படி அருகிலோ கண்டதும் சிலர் அஞ்சுகின்றனர். ஆஸ்திரேலியாவில் சிட்னி நகரைச் சுற்றி வாழும் புனல்வலைச் சிலந்தியின் கடி உயிரைப் போக்கவல்லது. 1981-ஆம் ஆண்டு முதல் அதற்கு நச்சு முறிமருந்து வழங்கப்பட்டு வருகிறது. அச்செய்தியைப் படித்தவர்கள் நம் ஊர்ச் சிலந்தியும் அதுவே என்று எண்ணிவிடுகின்றனர். அச்சிலந்தி நம் நாட்டில் இல்லை. வலையின் வடிவம் ஒன்றாயிருப்பதால் உயிரும் ஒன்றாகிவிடாது.

ஐரோப்பிய வீடுகளின் மூலைகளில் புனல்வலை பின்னும் சிலந்திக் குடும்பம் ஒன்று உண்டு. அவற்றின் எட்டுக் கண்களும் ஏறக்குறைய ஒரே அளவினவாய் இரண்டு வரிசைகளில் அமைந்திருக்கும். நம் புல்தரைச் சிலந்திக்கோ முன்வரிசையில் நான்கு சிறு கண்களும், அதற்குமேல் இரண்டு பெரிய கண்களும், சற்றுப் பின்னே இரண்டு கண்களும் உள்ளன. இது ஓநாய்ச் சிலந்திக் குடும்பத்தின் அடையாளம். ஹிப்பாசா என்னும் பேரினத்தைச் சேர்ந்தது இது. உருப்பெருக்கிக் கண்ணாடி இல்லாதவர்களுக்கும் ஓர் அடையாளம் உண்டு: தாய்ச் சிலந்தி தன் முட்டைப் பையை உடலின் பின்நுனியில் ஒட்டிக்கொண்டு காக்கும், குஞ்சுகள் வெளிவந்ததும் முதுகில் ஏற்றிச் சுமக்கும். இப்பேரினத்துள் ஒன்றை 1884-ஆம் ஆண்டில் விவரித்த பிரெஞ்சு அறிஞர் சீமோன், ‘அகெலெனாவை ஒத்தது’ என்று பொருள்படும் சொல்லையே அதற்குப் பெயராக இட்டார். அகெலெனா என்பது மெய்யான புனல்வலைக் குடும்பத்துப் பேரினம் ஒன்றின் பெயர். ஒத்ததே தவிர அதுவன்று என்பது பெயரிலேயே அமைந்துவிட்டது.

இனி, வீட்டிற்குள் காண்பவை. கூரை மூலையில் ஒழுங்கின்றி இழை பின்னி, மயிரிழை போன்ற நீண்ட கால்களுடன் தலைகீழாகத் தொங்குவது ஒன்று. தொட்டால் உடலை ஊஞ்சல்போல் ஆட்டும். நாம் அடிக்கும் ஒட்டடையில் பெரும்பகுதி அதன் கைவேலையே. வலையே பின்னாமல் இரவில் சுவரில் உள்ளங்கை அகலத்திற்குக் கால் பரப்பி நிற்பது வேட்டைச் சிலந்தி; கரப்பான் பூச்சியைத் தின்னும்; தாய், தட்டையான முட்டைப் பையை மார்பின்கீழ் பற்றிச் செல்லும். சன்னல் விளிம்பில் நம்மைத் திரும்பிப் பார்ப்பதுபோல் இரு பெருங்கண்கள் கொண்டு தாவுவது தாவும் சிலந்தி. இவற்றால் மனிதர் உயிருக்கு ஆபத்தில்லை.

அவ்வாறாயின் இந்த அச்சம் எங்கிருந்து வந்தது? ஒரு பகுதி நம் மொழியிலிருந்தே வந்தது என்பேன். தமிழில் ‘சிலந்தி’ என்பது எட்டுக்கால் உயிருக்கும் பெயர். உடலில் தோன்றும் கட்டிக்கும் பெயர். ‘நரம்புச் சிலந்தி’ என நம் முன்னோர் அஞ்சிய நோய், அசுத்த நீரைக் குடிப்பதனால் உடலில் புகும் புழுவால் விளைந்தது. 2000-ஆம் ஆண்டில் இந்தியா அந்நோயினின்று விடுபட்டதென உலக சுகாதார நிறுவனம் சான்றளித்தது. அந்நோய்க்கும் வலை பின்னும் உயிருக்கும் தொடர்பே இல்லை. கன்னடத்தில் இவ்வுயிரை ‘ஜேட’ என்பர்.

சொற்களை எடைபோடுவதே தொழிலாகக் கொண்ட நானும் இதில் ஏமாந்தேன். சில ஆண்டுகளுக்குமுன் என் மகனின் முழங்காலில் சிவந்த கட்டி எழுந்தது. ஊரிலிருந்து வந்திருந்த என் அத்தை, “சிலந்திடா, தம்பி” என்றார். அவர் எப்பொருளில் சொன்னாரோ, நான் விளக்குமாற்றை எடுத்து வீடு முழுதும் வலைகளைக் கலைத்தேன். மஞ்சள் பூசி மூன்று நாள் காத்திருந்தேன். நான்காம் நாள் காய்ச்சல் கண்டது. மருத்துவர் பார்த்துவிட்டு, விளையாட்டில் பட்ட சிராய்ப்பில் கிருமி புகுந்து சீழ் வைத்திருக்கிறது என்றார். “முதல் நாளே வந்திருக்கலாமே” என்று அவர் கேட்டதற்கு என்னிடம் விடையில்லை. பையன் தேறினான், தழும்பு மட்டும் இருக்கிறது.

ஆகவே அன்பர்களே, கடித்ததைக் கண்ணால் காணாதபோது சிலந்தியின்மேல் பழி போடாதீர்கள். சிவந்து பரவும் புண்ணோ காய்ச்சலோ கண்டால் மருத்துவரிடம் செல்லுங்கள். கடித்ததைக் கண்டிருந்து வலி மிகுந்தாலும் அவ்வாறே செய்யுங்கள். சிலந்தியைக் கண்டால், விளக்குமாற்றை எடுக்குமுன் அதன் வலையையும் கால்களையும் முட்டைப் பையையும் ஒருமுறை நோக்குங்கள். அது எதுவென்று அறிந்தபின் அச்சம் தானே அகலும்.