மறுப்புக்கு முதலிடம்

(சங்கத்தின் வெள்ளிவிழாக் கருத்தரங்கில் ஆற்றிய உரை)

 

இருபத்தைந்து ஆண்டு நிறைவைக் கொண்டாடும் மேடையில் பாராட்டுரைகளுக்குக் குறைவிராது. அவற்றை நம்மினும் நன்றாக நிகழ்த்தவல்லோர் பலர் இங்கு வீற்றிருக்கின்றனர். ஆகவே, நமக்களித்த நேரத்தில் வேறொன்றைப் பேச விழைகின்றோம். நம்மைப் போன்ற சங்கங்கள் எவ்வாறு முடிவெடுக்கின்றன, அம்முடிவு எவ்விடத்தில் பிழைபடுகின்றது என்பதே அது. நம் விருத்தாசலம் பீங்கான் நகர். சூளை வேலை செய்யும் குடும்பத்துப் பிள்ளைகள் பலர் இவ்வவையில் உள்ளனர். ஈரம் உலராத பொருளைச் சூளையில் ஏற்றினால் என்னாகும் என்பதை நாம் அவர்களுக்குச் சொல்ல வேண்டுவதில்லை. வெந்தபின் அதை மீண்டும் மண்ணாக்கிப் பிசையவும் இயலாது.

முதலில் நம் பிழையையே கூறிவிடுகின்றோம். பல ஆண்டுகளுக்கு முன் வேறோர் ஊரில் ஆசிரியராயிருந்தபோது, அவ்வூரில் நம் மக்கள் நடத்திய கல்விச் சங்கமொன்றின் செயற்குழுவில் நாம் உறுப்பினர். எழுவர் கொண்ட குழு. பத்தாம் வகுப்புத் தேறிய பிள்ளைகளின் மேற்படிப்புக்கெனத் திரட்டிய நிதி கையில் இருந்தது. ஒருநாள் தலைவர், கூட்டம் தொடங்கியவுடனேயே, ஊர்ப்புறத்தில் மலிவாக ஒரு மனை வருகின்றது, அதை வாங்கிவிட்டால் சங்கத்திற்கு நிலையான சொத்தாகும் என்றார். அவர் வயதில் மூத்தவர், நாணயமானவர், நம் குடும்பத்திற்கும் உதவியவர். அம்மனை தாழ்ந்த இடம், ஐப்பசி கார்த்திகையில் முழங்கால் அளவு நீர் நிற்கும் என்பது நமக்குத் தெரியும். அவ்வழியாக வரும் பிள்ளைகள் நனைந்த புத்தகத்துடன் வகுப்பில் நிற்பதை நாம் கண்டிருந்தோம். எனினும் வாய் திறந்தோமில்லை. தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது, கையொப்பமிட்டோம். வெளியே வந்து தேநீர்க் கடையில் நின்றபோதுதான் ஒருவர் பின் ஒருவராக மனம் திறந்தனர். எழுவருள் ஐவர்க்கு அதே ஐயம்! ஒவ்வொருவரும் மற்றவர் நால்வரும் இசைகின்றனர் என்று எண்ணியே இசைந்திருக்கின்றோம்.

அதனினும் கொடியது பின்னர் நிகழ்ந்தது. மழைக்காலம் வந்தது, நீர் நின்றது. இவ்வளவு செலவிட்டாயிற்று, இப்போது விடலாமா என்று மண்ணடிக்க மேலும் பணம் ஒதுக்கினோம். மறு ஆண்டும் ஒதுக்கினோம். போட்ட பணத்தைக் காப்பாற்றப் போட்ட பணம் அது. அவ்வாண்டு தொழில்நுட்பப் பயிலகத்தில் இடம் கிடைத்த மாணவி ஒருத்தி, கட்டணம் செலுத்த வழியின்றிச் சேராமலே நின்றாள். அவள் தந்தை சங்கத்திற்கு வந்து கேட்டபோது பெட்டியில் பணம் இல்லை. அத்தீர்மானப் புத்தகத்தில் நம் கையொப்பம் இன்றும் இருக்கும்.

இஃது ஏதோ நம் சிறு சங்கங்களுக்கே உரிய குறை என்று எண்ண வேண்டா. 1961 ஏப்ரலில் அமெரிக்கக் குடியரசுத் தலைவர் கென்னடியின் அரசு, காஸ்ட்ரோவின் ஆட்சியைக் கவிழ்க்கும் நோக்குடன், கியூபாவை விட்டு வெளியேறியிருந்தோர் ஏறத்தாழ 1,400 பேரைப் பன்றிகள் விரிகுடாவில் கரையிறக்கியது. மூன்று நாளில் அப்படை முறிந்தது. ஆயிரவருக்கு மேல் சிறைப்பட்டனர். கென்னடியின் ஆலோசகர்களுள் ஒருவரான வரலாற்றறிஞர் ஆர்தர் ஷ்லெசிஞ்சர், ஐயம் இருந்தும் கூட்டங்களில் வாளாவிருந்தமைக்குத் தம்மையே நொந்து பின்னர் எழுதினார். அடுத்த ஆண்டு அக்டோபரில் ஏவுகணை நெருக்கடி எழுந்தபோது, கென்னடி ஆலோசனைக் கூட்டங்கள் சிலவற்றிற்கு வேண்டுமென்றே செல்லாதிருந்தார். தலைவர் முன் நாவெழாதோரும் பேசட்டும் என்பது கருத்து. தோற்றுக் கற்ற பாடம் அது.

நமக்கு இவ்வளவு தொலைவு செல்ல வேண்டிய தேவையும் இல்லை. மகாடு நம் கண்முன் நிற்கின்றது. 1927 மார்ச் 20 அன்று அண்ணல் அம்பேத்கர் மக்களுடன் சென்று சவுதார் குளத்து நீரைப் பருகியதை நம் பிள்ளைகள் அனைவரும் அறிவர். அதே ஆண்டு டிசம்பரில் நிகழ்ந்ததை அறிந்தோர் சிலரே. பொதுக்குளம் எல்லார்க்கும் உரியது என்று 1924-இல் நிறைவேற்றிய தீர்மானத்தை மகாடு நகராட்சி ஆகஸ்டில் திரும்பப் பெற்றது. மீண்டும் சத்தியாக்கிரகம் செய்வதென டிசம்பர் 25-இல் மாநாடு கூடுமுன், குளம் தனியார் சொத்து என வழக்குத் தொடுத்த சாதி இந்துக்கள் இடைக்காலத் தடையாணை பெற்றுவிட்டனர். மனுநூலை எரித்த இரவுக்குப் பின், மக்களின் உள்ளம் எந்நிலையில் இருந்திருக்கும் என்று எண்ணிப் பாருங்கள்! சிறை செல்லவும் அணியமாக ஏறத்தாழ நாலாயிரம் பேர் பெயர் கொடுத்தனர். அவ்வுணர்ச்சியை வாக்காக எண்ணி எழுந்திருந்தால், முடிவு ஒரு நொடியில் முடிந்திருக்கும்.

அவ்வாறு செய்தாரில்லை. குளத்தில் இறங்குவதை ஆதரித்தோரும் எதிர்த்தோரும் மேடையேறிப் பேசினர். மாவட்ட ஆட்சியரும் வந்து தம் வேண்டுகோளைக் கூறினார். அவரையும் அவை கேட்டது. நாம் போரிடுவது சாதி இந்துக்களோடு. தடையாணையை மீறினால் போர் அரசோடு ஆகிவிடுமே என்ற கேள்வியை மக்கள் முன் வைத்து, இறுதியில் அண்ணலே ஒத்திவைப்பை வேண்டினார். தாம் அழைத்த போராட்டத்தைத் தாமே தள்ளிவைக்கக் கேட்பது எளிதன்று. மாநாடு இசைந்தது. நீரைத் தொடாமல் குளத்தைச் சுற்றி ஊர்வலமாகச் சென்று திரும்பினர்.

அம்முடிவு சரியா என்று இன்றும் வாதிடுவோர் உளர். வழக்கில் இறுதி வெற்றி பம்பாய் உயர்நீதிமன்றத்தில் 1937 மார்ச் 17 அன்றே கிட்டியது. ஒன்பது ஆண்டுக்கு மேற்பட்ட காத்திருப்பு சிறிதன்று. இளைஞர்கள் அதைப் பற்றி முணுமுணுத்தால் நாம் குறைகூற மாட்டோம். நாம் காணச் சொல்வது முடிவை அன்று, முடிவெடுத்த வகையை. மறுப்போர் பேசினர், தலைவர் கடைசியில் பேசினார், இசையாதோரும் முடிந்தபின் ஊர்வலத்தில் உடன் நடந்தனர். நம் சங்கங்களில் பெரும்பாலும் தலைகீழாக அன்றோ நடக்கின்றது? தலைவர் முதலில் பேசுகின்றார், மறுப்போர் தேநீர்க் கடையில் பேசுகின்றனர், முடிவை நிறைவேற்றுகையில் பாதிப்பேர் வருவதில்லை.

இவ்வொழுங்கு அயலகத்திலிருந்து வந்ததன்று. 1949 நவம்பர் 25 அன்று அரசியல் நிர்ணய சபையில் பேசிய அண்ணல், பௌத்த பிக்கு சங்கங்களில் முன்மொழிவு, தீர்மானம், குறைந்தபட்ச வருகை, வாக்கெண்ணிக்கை ஆகிய முறைகள் யாவும் இருந்தன என்று எடுத்துக்காட்டினார். அங்கும் மௌனம் சம்மதமே. ஆனால் முதன்மையான வினைகளில் மும்முறை அறிவித்து, இசையாதவர் பேசுக என்று மும்முறை கேட்டபின் நிலவும் மௌனம் அது. நாமோ ஒருமுறையும் கேளாமலே மௌனத்தைச் சம்மதம் என்று எழுதிக்கொள்கின்றோம். கருத்து வேறுபட்டால் மரச் சலாகைகளைக் கொண்டு வாக்கெடுப்பதும் அச்சங்கங்களின் வழக்கம்.

உத்திரமேரூரின் குடவோலையைப் பற்றியும் மேடைதோறும் முழங்குகின்றோம். முதற் பராந்தகன் காலத்துக் கல்வெட்டுகள் அவை, 919, 921 ஆம் ஆண்டுகளைச் சேர்ந்தன. நிலமும் வேதக் கல்வியும் உடையோர்க்கே அக்குடத்தில் பெயர் இடம்பெறும். நம் முன்னோர் அச்சபையின் வாயிலில்கூட நின்றிருக்க முடியாது. ஆயினும் அதில் ஒரு விதியை நாம் கூச்சமின்றி எடுத்துக்கொள்ளலாம். வாரியத்திலிருந்து கணக்குக் காட்டாதவரும் அவர்தம் நெருங்கிய உறவினரும் மீண்டும் பெயர் பெறத் தகுதியற்றோர். எடுத்த முடிவுக்குக் கணக்குக் கேட்கும் நாள் உண்டு என்று தெரிந்தால், எடுக்கும்போதே நா சற்று விழித்துக்கொள்ளும்.

நிற்க. இன்று மாலை ஐந்து மணிக்கு நம் பொதுக்குழு கூடுகின்றது. வெள்ளிவிழா நிதியைக் கொண்டு சமுதாய மண்டபம் எழுப்புவதா, உயர்கல்விக் கட்டண உதவிக்கென வங்கியில் வைப்பதா என்பது பொருள். நாம் மண்டபத்தின் பக்கம். பணம் கையில் வைத்துக்கொண்டு கேட்டும், திருமணத்திற்கு மண்டபம் இல்லை என்று நம்மவரைத் திருப்பியனுப்பிய நாளை நாம் கண்டவர்கள். அந்தப் புண் எளிதில் ஆறுவதன்று. இளைஞர் பலர் கட்டண உதவியின் பக்கம் என்று கேள்வியுறுகின்றோம். ஆனால் அதை நம்மிடம் நேரில் சொன்னவர் ஒருவருமில்லை. தலைமையாசிரியர் என்ற அச்சமோ, வயதுக்குத் தரும் மதிப்போ, அறியோம்.

எனவே தலைவர் அவர்களுக்கு ஒரு வேண்டுகோள். மண்டபம் வேண்டா என்போர் இருவரையேனும், அவர்களுள் ஒருவர் பெண்ணாக, முதலில் பேச அழையுங்கள். அவர்கள் கூறுவதைத் தீர்மானப் புத்தகத்தில் அவர்தம் பெயருடன் எழுதச் செய்யுங்கள். நாமும் செயற்குழுப் பெரியவர்களும் அதன்பின் பேசுகின்றோம்.