எண்ணும் பெயரும்

(கொல்கத்தாவில் தமிழ் அன்பர்கள் கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



இன்று ஒருவர் புதிதாக ஒரு வேலையில் சேர்ந்தால், முதல் நாளன்றே அவரிடம் சில எண்களைக் கேட்கிறார்கள். ஆதார் எண், வருமான வரிக்கான பான் எண், முன்பு வேலை பார்த்தவராயின் வருங்கால வைப்பு நிதிக்கான எண் ஆகியவை அவை. சம்பளம் வழங்குவதற்கும், வரி பிடிப்பதற்கும், முதுமைக்கென ஒரு தொகையைச் சேர்த்து வைப்பதற்கும் இவை தேவைப்படுகின்றன. இந்த எண்கள் யாருக்காக ஏற்பட்டவை? குடிமகன் யார் என்று அரசு தெரிந்துகொள்வதற்கு மட்டுமா, தனக்குரியது வந்து சேர்ந்ததா என்று குடிமகன் கணக்குக் கேட்பதற்கும் உரியவையா? இக்கேள்வியைத்தான் உங்கள் முன் வைக்க விரும்புகிறேன்.

வங்கத்தில் பிறந்த வழக்கம்

இக்கேள்வியை எழுப்புவதற்கு வங்க மண்ணை விடப் பொருத்தமான இடம் வேறில்லை. விரல் ரேகையைக் கொண்டு ஒருவரை அடையாளம் காணும் நிர்வாக முறை இங்கேதான் வேரூன்றிற்று. 1858-ஆம் ஆண்டில் முர்ஷிதாபாத் மாவட்டத்து ஜங்கிப்பூரில் அதிகாரியாக இருந்த வில்லியம் ஹெர்ஷல், சாலைப் பணிக்கான சரளை வழங்க ஒப்புக்கொண்ட ராஜ்யதர் கோனாய் என்பவரின் உள்ளங்கை அச்சை ஒப்பந்தத்தாளில் பதியச் செய்தார். பின்னர் 1877-இல் ஹூக்ளி மாவட்ட மாஜிஸ்திரேட்டாக இருந்தபோது, ஓய்வூதியம் பெறுவோரின் ரேகையைப் பதிவு செய்யும் முறையை அவர் கொண்டுவந்தார். இறந்துபோன ஓய்வூதியரின் பெயரில் வேறொருவர் பணம் வாங்குவதைத் தடுப்பதே அதன் நோக்கம்.

1897-இல் கொல்கத்தாவில் விரல் ரேகைக் காரியாலயம் அமைந்தது. உலகிலேயே இத்தகைய காரியாலயங்களில் முதலாவதாக அது கருதப்படுகிறது. அதன் ரேகைப் பகுப்பு முறை எட்வர்ட் ஹென்றியின் பெயரால் வழங்கினாலும், அதை உருவாக்குவதில் பெரும்பங்கு ஆற்றியவர்கள் அஸீஸுல் ஹக், ஹேமச்சந்திர போஸ் என்ற இரு இந்திய அலுவலர்கள்.

இந்த வரலாற்றில் நாம் கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. அந்நாளைய அடையாளம் கருவூலத்தைக் காப்பதற்காக ஏற்பட்டது. பணம் பெற வருபவர் பொய்யராக இருக்கலாம் என்ற ஐயமே அதன் அடிப்படை. ஓய்வூதியம் உரிய நாளில் உரியவர் கையில் சேர்ந்ததா என்று கேட்பதற்கு அந்த ரேகை உதவவில்லை.

எத்தனை பேர், யார் யார்?

விடுதலைக்குப் பின் நிலைமை மாறிற்று. திட்டமிட்ட வளர்ச்சி என்றதும் முதலில் தேவைப்பட்டது புள்ளிவிவரம். 1931-இல் பேராசிரியர் மகலனோபிஸ் இந்நகரில் தோற்றுவித்த இந்தியப் புள்ளியியல் கழகமும், 1950-இல் தொடங்கிய தேசிய மாதிரிக் கணக்கெடுப்பும் அத்தேவையை நிறைவு செய்தன. ஆனால், மாதிரிக் கணக்கெடுப்புக்கு எவருடைய பெயரும் முக்கியமன்று. எத்தனை பேர் ஏழைகள், எத்தனை பேருக்கு வேலையில்லை என்பதை அது கூறும். திட்டம் தீட்டுவதற்கு அது போதும். திட்டத்தின் பயனை ஒவ்வொருவர் வீட்டிலும் சேர்ப்பதற்கு அது போதாது. அதற்கு யார் யார் என்று தெரிய வேண்டும்.

தொழிலாளர் ஈட்டுறுதிச் சட்டம் 1948-இலும், வருங்கால வைப்பு நிதிச் சட்டம் 1952-இலும் வந்தபோது, தொழிலாளர் ஒவ்வொருவருக்கும் தனிக் கணக்கு வைக்க வேண்டியதாயிற்று. அமெரிக்கா 1936-இலேயே சமூகப் பாதுகாப்பு எண்ணை வழங்கத் தொடங்கியிருந்தது. ஒருவர் எத்தனை முதலாளிகளிடம் வேலை பார்த்தாலும் அவருடைய ஊதியக் கணக்கு ஒரே இடத்தில் சேர வேண்டும் என்பது அதன் கருத்து. நம் நாட்டிலோ நெடுங்காலம் வரை எண் தொழிலாளருக்கு உரியதாக இல்லை, தொழிற்சாலைக்கு உரியதாக இருந்தது. ஆலை மாறினால் வைப்பு நிதி எண்ணும் மாறும். பழைய கணக்கைப் புதிய கணக்கோடு சேர்க்கப் படிவம் 13-ஐ நிரப்பி, நிறுவனத்தின் கையொப்பத்தைத் தேடி அலைய வேண்டியிருந்தது. அலைய முடியாதவர்களின் பணம் பழைய கணக்கிலேயே தங்கிவிட்டது.

ஹூக்ளி நதியின் இரு கரைகளிலும் உள்ள சணல் ஆலைகளை எண்ணிப் பாருங்கள். 1855-இல் ரிஷ்ராவில் முதல் ஆலை தோன்றியது. பீகார், உத்தரப் பிரதேசம், ஒடிசா, ஆந்திரம் ஆகிய பகுதிகளிலிருந்து வந்தவர்கள் அவற்றில் உழைத்து வருகிறார்கள். நிரந்தரத் தொழிலாளி வராத நாளில் மட்டும் வேலை பெறும் ‘பதலி’ முறை அங்கு நெடுநாள் வழக்கம். ஒரு மாதம் இந்த ஆலை, மறு மாதம் அடுத்த ஆலை, இடையில் கதவடைப்பு. இத்தகைய தொழிலாளிக்கு எண் ஆலையோடு ஒட்டியிருந்தால், அவருடைய உழைப்புக் கணக்கு துண்டு துண்டாகச் சிதறிப் போகாதா?

மூன்று எண்கள், மூன்று பணிகள்

இச்சிதறலைப் போக்கவே 2014-இல் வருங்கால வைப்பு நிதி நிறுவனம் பொதுக் கணக்கு எண்ணைக் கொண்டுவந்தது. யூ.ஏ.என். என்று சுருக்கமாகச் சொல்லப்படும் இந்தப் பன்னிரண்டு இலக்க எண் தொழிலாளருடையது. வேலை மாறினாலும் அது மாறுவதில்லை.

பான் எண் இதனினும் பழையது. 1972-இல் அறிமுகமாகி, 1976-இல் சட்ட வடிவம் பெற்றது. இன்று வழங்கும் பத்து எழுத்து அமைப்பு 1995-இல் வந்தது. வரி செலுத்துவோருக்கு மட்டும் உரியது இது என்று எண்ணுவது தவறு. ஐந்தாண்டுப் பணி நிறைவுறாமல், வைப்பு நிதியிலிருந்து 50,000 ரூபாய்க்குமேல் எடுக்கும் தொழிலாளியிடம் பான் எண் இருந்தால் 10 சதவீதம் வரி பிடிப்பார்கள். எண் இல்லாதவரிடம் பிடிக்கும் வரி முன்பு மிக அதிகமாக இருந்தது. 2023-ஆம் ஆண்டின் நிதிச் சட்டம் அதை 20 சதவீதமாகக் குறைத்தது. வரி வரம்புக்குள்ளேயே வராத ஏழைத் தொழிலாளிதான் பெரும்பாலும் இந்த இரட்டிப்புப் பிடித்தத்துக்கு ஆளாகிறார். 2020 முதல், ஆதார் வைத்திருப்பவர் கட்டணமின்றி உடனடியாக மின்னணுப் பான் எண் பெறலாம் என்பதை ஒவ்வொரு தொழிலாளியும் அறிந்திருக்க வேண்டும்.

மூன்றாவது ஆதார். 2010 செப்டம்பரில் மகாராஷ்டிரத்தின் தெம்ப்ளி என்ற பழங்குடிக் கிராமத்தில் முதல் எண் வழங்கப்பட்டது. வேலையையோ வரியையோ பற்றி இந்த எண் எதுவும் சொல்வதில்லை. இன்னார் இன்னாரே என்று மட்டும் உறுதி செய்கிறது. அமைப்புசாராத் தொழிலாளருக்கென 2021 ஆகஸ்ட் 26-இல் தொடங்கிய இ-ஷ்ரம் பதிவும் ஆதாரை அடிப்படையாகக் கொண்டதே. 30 கோடிக்கு மேற்பட்டோர் இதில் பதிவு பெற்றுள்ளனர்.

மேற்கு வங்கம் இத்துறையில் முன்னோடி என்பதையும் குறிப்பிட வேண்டும். அமைப்புசாராத் தொழிலாளருக்கு வருங்கால வைப்பு நிதித் திட்டமொன்றை இம்மாநிலம் 2001-இலேயே தொடங்கியது. தொடக்கத்தில் தொழிலாளி மாதம் 20 ரூபாய் செலுத்தினால் அரசும் 20 ரூபாய் செலுத்தியது. 2020 ஏப்ரல் முதல் தொழிலாளியின் பங்கையும் அரசே ஏற்றது. தொகை சிறிதாயினும், ரிக்‌ஷா இழுப்பவருக்கும் பீடி சுற்றுபவருக்கும் தம் பெயரில் ஒரு கணக்கு உண்டு என்ற நிலையை அது ஏற்படுத்தியது.

பெயர் என்னும் முடிச்சு

எண்கள் கிடைத்துவிட்டால் எல்லாம் நேராகிவிடும் என்று எண்ணிவிடக் கூடாது. எண்ணுக்குப் பின்னால் ஒரு பெயர் இருக்கிறது. ஓர் எண்ணிலுள்ள பெயர் மற்றோர் எண்ணிலுள்ள பெயரோடு ஒத்துப்போகாவிட்டால் பணம் நின்றுவிடுகிறது.

தமிழர்களாகிய நமக்கு இது நன்கு விளங்கும். நமக்குக் குலப்பெயர் எழுதும் வழக்கம் இல்லை. தந்தை பெயரின் முதலெழுத்தே முன்னால் நிற்கும். பான் விண்ணப்பத்திலோ முதலெழுத்தை மட்டும் எழுத இடமில்லை. எனவே, எஸ். முருகன் என்று பள்ளிச் சான்றிதழில் உள்ளவர், பான் பதிவில் முருகன் சுப்பிரமணியன் ஆகிறார். பான் எண்ணின் ஐந்தாம் எழுத்து குலப்பெயரின் முதலெழுத்தாகும். ஆகவே அவருடைய எண்ணில் ‘எஸ்’ என்ற தந்தையின் எழுத்தே இடம்பெறும். வைப்பு நிதி ஏட்டில் அவர் முருகன் எஸ். என்று இருக்கக்கூடும். மூவரும் ஒருவரே என்பது நமக்குத் தெரியும். இயந்திரத்துக்குத் தெரியாது.

வங்காளிகளுக்கும் இதே தொல்லை உண்டு. முகர்ஜியும் முகோபாத்யாயும் ஒன்றே என்பதை இந்நகரில் எல்லோரும் அறிவர், கணிப்பொறி அறியாது. இதனினும் கடினமானது ஏழை முஸ்லிம் பெண்களின் நிலை. திருமணத்துக்கு முன் ‘காத்தூன்’ என்று வழங்கும் பெயர், திருமணமானபின் ‘பீபி’ என்றும், கணவர் மறைந்தபின் ‘பேவா’ என்றும் மாறுவது கிராமப்புற வழக்கம். கணவரின் வைப்பு நிதியைக் கோரி வரும் விதவையின் பெயர் நியமனப் படிவத்தில் ஒருவகையாகவும், ஆதாரில் வேறுவகையாகவும் இருந்தால் என்ன ஆகும்? பணத்தின் தேவை மிகுந்துள்ள நேரத்தில்தான் இம்முடிச்சு இறுகுகிறது.

பெயரைத் திருத்துவதற்குத் தொழிலாளியும் முதலாளியும் கூட்டாக அறிவிப்புத் தர வேண்டும் என்பதே நெடுங்கால விதி. மூடிக்கிடக்கும் ஆலையில் கையொப்பம் இடுபவர் யார்? இதை உணர்ந்தே, 2017 அக்டோபர் 1-க்குப் பின் ஆதார் சரிபார்ப்புடன் எண் பெற்றவர்கள் பெயர், பிறந்த நாள் போன்ற விவரங்களை முதலாளியின் ஒப்புதலின்றித் தாமே திருத்திக்கொள்ள 2025 ஜனவரியில் வழி செய்யப்பட்டது. நல்ல சீர்திருத்தம். ஆயினும், அதற்கு முன்பு எண் பெற்ற பழைய தொழிலாளிக்குத்தான் உதவி அதிகம் தேவைப்படுகிறது.

தேய்ந்த ரேகை

கைகளால் உழைப்பவரின் விரல் ரேகை தேய்ந்துவிடும். சணல் நூற்பவர், செங்கல் சுமப்பவர், பாத்திரம் தேய்ப்பவர் ஆகியோரின் ரேகை பல நேரங்களில் கருவியில் பதிவதில்லை. உழைப்பின் தழும்பே உழைப்பின் பயனுக்குத் தடையாகலாமா? ஆதார் எண் வழங்கப்படாதவருக்கு வேறு தக்க அடையாளத்தின் பேரில் உதவி அளிக்க வேண்டும் என்று 2016-ஆம் ஆண்டின் ஆதார் சட்டம் 7-ஆம் பிரிவில் கூறுகிறது. ரேகை பொருந்தாததால் உதவியை மறுக்கலாகாது என்று ஆதார் ஆணையம் 2017 அக்டோபரில் சுற்றறிக்கை அனுப்பியது. உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 26-இல் அளித்த தீர்ப்பில், அரசு உதவிகளுக்கும் பான் எண்ணுக்கும் ஆதாரைக் கேட்கலாம் என்று ஏற்றது. வங்கிக் கணக்குக்கும் கைப்பேசிக்கும் கட்டாயமாக்கியதை நீக்கியது. எல்லை தெளிவாகவே வகுக்கப்பட்டுள்ளது. அந்த எல்லை ரேஷன் கடையின் வாசல் வரையிலும், ஒப்பந்தக்காரரின் மேசை வரையிலும் எட்டியாக வேண்டும்.

செய்ய வேண்டுவன

முதலாவதாக, தொழிலாளர் ஒவ்வொருவரும் தம் ஆதார், பான், வைப்பு நிதி, வங்கிக் கணக்கு ஆகிய நான்கிலும் பெயரும் பிறந்த நாளும் ஒன்றாக இருக்கின்றனவா என்று வேலையில் இருக்கும்போதே பார்த்துக்கொள்ள வேண்டும். ஓய்வு பெற்றபின் பார்ப்பது வெள்ளம் வந்தபின் அணை கட்டுவது போன்றது. நியமனத்தையும் அவ்வப்போது புதுப்பிக்க வேண்டும்.

இரண்டாவதாக, எண்ணைத் தொழிலாளி தம் கையில் வைத்திருக்க வேண்டும். ஒப்பந்தக்காரரின் கைப்பேசி எண்ணைத் தொழிலாளியின் கணக்கில் பதிந்து வைத்தால், கடவுச்சொல் அவருக்கே போகும். அப்போது எண் தொழிலாளியின் பெயரில் இருந்தும் பயனில்லை. மாதந்தோறும் தம் கணக்கில் பணம் கட்டப்பட்டதா என்று தொழிலாளி தாமே பார்க்கக்கூடிய நிலை வேண்டும்.

மூன்றாவதாக, நிர்வாகம் பெயரின் பன்மையைப் புரிந்துகொள்ள வேண்டும். ஒரே குலப்பெயர் அமைப்பை இந்நாடு முழுவதற்கும் பொருத்த முடியாது. சிறு எழுத்து வேறுபாட்டுக்காக விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்புவதற்குப் பதில், உரியவரை அழைத்து விசாரித்து அங்கேயே திருத்தித் தரும் அதிகாரம் கீழ்நிலை அலுவலருக்கு இருக்க வேண்டும்.

முர்ஷிதாபாத்திலிருந்தும் மால்டாவிலிருந்தும் இன்று ஆயிரக்கணக்கானோர் தமிழ்நாட்டுக்கும் கேரளத்துக்கும் கட்டட வேலைக்குச் செல்கிறார்கள். நம்மவர் பிழைப்புத் தேடி இந்நகருக்கு வந்தது போலவே அவர்கள் அங்குச் செல்கிறார்கள். மொழி தெரியாத ஊரில் அவர்களுடன் கூடவே செல்லும் துணை அந்த எண்தான். ஜங்கிப்பூரில் கோனாயின் கை அச்சைக் கேட்ட ஆட்சி, அவர்மேல் ஐயங்கொண்டு கேட்டது. அதே ஜங்கிப்பூரிலிருந்து திருப்பூருக்கு வரும் தொழிலாளியிடம் நாம் எண்ணைக் கேட்கிறோம். அவருடைய ஒரு நாள் உழைப்பும் கணக்கில் விடுபடக் கூடாது என்ற பொறுப்புணர்வோடு அதைக் கேட்க வேண்டும். அந்தக் கணக்கை அவர் நம்மிடம் திருப்பிக் கேட்கும்போது விடை சொல்லவும் கடமைப்பட்டிருக்கிறோம்.