ராஜாஜியும் கட்சி மாற்றமும்
(நம் சங்க மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



கட்சி மாறியவரை வீட்டு விசேஷங்களுக்கு அழைக்கலாகாதென்று நம்மவரிற் சிலர் சொல்லிவருகின்றனர். அவர்கள் பொருட்டு, இதே தியாகராய நகரில் பஸ்லுல்லா வீதியில் வாழ்ந்த ராஜாஜியின் வரலாற்றில் ஒரு பகுதியை நினைவூட்ட விரும்புகின்றோம்.

காங்கிரஸை 1942இல் விட்டார்; 1945இல் மீண்டார். 1957இல் மறுபடியும் விலகி, 1959இல் சுதந்திராக் கட்சியைத் தோற்றுவித்தார். 1967இல், தாம் முன்னர்க் கடிந்த தி.மு.கழகத்தோடு கூடிக் காங்கிரஸைத் தோற்கடித்தார். 1971 தேர்தலிலோ, நெடுநாள் எதிரியான காமராஜரோடு கைகோத்துக் கழகத்தை எதிர்த்தார். நிலையற்றவரென்று ஏசினோர் பலர். 1954க்குப் பின் அவர் எப்பதவியும் வகித்திலர் என்பதை அன்னோர் மறந்தனர் போலும்!

மாறாதது ஒன்றுண்டு. 1937இல் மாகாணப் பிரதம மந்திரியாய்ச் சேலம் ஜில்லாவில் அவர் தொடங்கிய மதுவிலக்கே அது. 1971இல் அரசாங்கம் அதனைத் தளர்த்த முனைந்தபோது, தொண்ணூறு கடந்த அம்முதியவர், சின்னாட்களுக்கு முன் தாம் எதிர்த்து நின்ற முதலமைச்சர் கருணாநிதியின் கோபாலபுரத்து இல்லத்திற்குத் தாமே சென்று, வேண்டாமென மன்றாடினார். வேண்டுகோள் பலிக்கவில்லை, கடைகள் திறக்கப்பட்டன. மறு ஆண்டு டிசம்பரில் அவர் காலமானார். 1975இல் கிண்டியில் அவருக்கு நினைவாலயம் எழுந்ததும் அக்கழக ஆட்சியிலேதான்.