தூதரக வாசலில் ஒரு கையெழுத்து

(ஆண்டுச் சந்திப்பில் ஆற்றிய உரை)



"வெளிநாட்டு அனுபவம் ஏதாவது பத்து நிமிஷம் பேசு" என்றார் செயலாளர். துபாயில் இருபத்தைந்து வருஷம் கணக்கெழுதியவனிடம் ஒட்டகமும் தங்கமும் எதிர்பார்ப்பீர்கள். நான் பேசப்போவது பாகிஸ்தான் துணைத் தூதரகத்தைப் பற்றி. பயப்பட வேண்டாம், நான் இந்தியன்தான். அந்தக் கட்டடத்துக்குள் ஒரு நாளும் போனதில்லை. வாசலில் வண்டியை நிறுத்திக் காத்திருந்த வகையில் தெரிந்துகொண்டதுதான் இது.

எங்கள் பட்டறையில் வெல்டிங் ஃபோர்மேன் ஒருவர். எல்லோரும் உஸ்தாத் என்றுதான் கூப்பிடுவோம். ஊர் குஜ்ராத் மாவட்டம். நம்ம குஜராத் இல்லை, பாகிஸ்தான் பஞ்சாபில் இருக்கிற குஜ்ராத். இரும்பைப் பார்த்தே எடை சொல்வார். உருது படிப்பார், இங்கிலீஷ் தெரியாது. எனக்கு இங்கிலீஷ் தெரியும். இந்தி அந்தப் பட்டறையில் கற்றது. ஆகவே அவருக்கு வரும் காகிதமெல்லாம் என் மேஜைக்கு வந்துவிடும்.

காகிதத்துக்குக் குறைவே கிடையாது. வெளிநாட்டில் இருப்பவனுக்குப் பாஸ்போர்ட்தான் உயிர் என்று நாம் நினைப்போம். அவர்களுக்கு அதற்கும் முன்னால் ஓர் அட்டை இருக்கிறது. 2000-ல் 'நாத்ரா' என்று ஒரு தேசியப் பதிவு ஆணையம் அமைத்தார்கள். உள்நாட்டில் இருப்பவருக்கு ஓர் அடையாள அட்டை, வெளிநாட்டில் இருப்பவருக்கு 'நைகாப்' என்று இன்னொன்று. 13 இலக்க எண். கடைசி இலக்கம் ஒற்றைப்படை என்றால் ஆண், இரட்டைப்படை என்றால் பெண். அந்த அட்டை காலாவதியானால் பாஸ்போர்ட் புதுப்பிக்க முடியாது. பாஸ்போர்ட் இல்லையென்றால் விசா நிற்காது. விசா போனால் வேலை போச்சு. பிரிட்டன் போன்ற சில நாடுகளோடு பாகிஸ்தான் இரட்டைக் குடியுரிமையை அனுமதிக்கிறது. அங்கே குடியுரிமை வாங்கியவர் இந்த அட்டையைக் காட்டினால் சொந்த ஊருக்குப் போக விசா வேண்டாம். நம்ம ஓ.சி.ஐ. மாதிரியா என்று கேட்பீர்கள். ஓ.சி.ஐ. குடியுரிமை இல்லை, இது குடிமகனுக்கே உரிய அட்டை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். 2014-ல் உஸ்தாதின் தகப்பனார் காலமானார். கொஞ்சம் கோதுமை நிலம் இருந்தது. வாரிசுகள் உஸ்தாத், ஒரு தம்பி, இரண்டு தங்கைகள். ஷரீஅத்படி மகனுக்கு இரண்டு பங்கு என்றால் மகளுக்கு ஒரு பங்கு உண்டு. ஆனால் ஊர்ப் பழக்கம் என்று ஒன்று இருக்கிறதே! தங்கைகள் அண்ணன்மாருக்கு 'விட்டுக்கொடுத்து' விடுவார்கள். நம்ம பக்கமும் இது கேள்விப்படாத கதை இல்லை. நிலத்தை வாரிசுகள் பெயருக்கு மாற்றுவதை அங்கே 'இந்திகால்' என்பார்கள், நம்ம பட்டா மாறுதல். செய்கிறவர் பட்வாரி. 1980 வரை நம்ம ஊரில் கர்ணம் இருந்தாரே, அந்த மாதிரி.

தம்பி ஊரிலிருந்து போன் பண்ணினான். "பாயி ஜான், ஒரு முக்தார் நாமா அனுப்பி வைங்க, மத்ததை நான் பார்த்துக்கிறேன்." முக்தார் நாமா என்றால் பவர் பத்திரம். உஸ்தாதுக்கு லீவு கிடைக்கவில்லை. பவரைத் தம்பிக்குக் கொடுக்காமல் பெரிய தங்கை வீட்டுக்காரருக்குக் கொடுப்பதென்று முடிவு செய்தார். ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை.

ஒரு டைப்பிங் கடையில் அடித்து வாங்கிய இரண்டு பக்க இங்கிலீஷ் பத்திரத்தோடு இரவு என் ரூமுக்கு வந்தார். "பாயி, என்ன எழுதியிருக்குன்னு படிச்சுச் சொல்லு. நாளைக்குக் கையெழுத்து."

படித்தேன். பெயர் மாற்றத்துக்கு ஒரு வரி. மீதியெல்லாம் நிலத்தை விற்க, அடமானம் வைக்க, தானம் கொடுக்க, பணம் வாங்கிக்கொள்ள, இன்ன பிற காரியங்கள் யாவும் செய்ய. முழுப் பொது அதிகாரம்! கடைக்காரர் கெட்ட எண்ணத்தில் செய்திருக்க மாட்டார். வருகிற எல்லோருக்கும் ஒரே படிவத்தில் பெயரை மட்டும் மாற்றி அடிப்பவர்.

அந்த வாசகம் எனக்குப் புதிதாக இல்லை. நம் கல்லூரியில் மதியச் சாப்பாடு முடிந்து முதல் பீரியடு மெர்க்கன்டைல் லா, பாதி வகுப்பு தூங்கும், நினைவிருக்கிறதா? அதே 1872-ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டம்தான் அவர்களுக்கும். 1882-ன் பவர் சட்டம், 1899-ன் முத்திரைச் சட்டம், 1908-ன் பதிவுச் சட்டம் எல்லாமே இரண்டு பக்கமும் வெள்ளைக்காரன் விட்டுப்போனவை. வெளிநாட்டில் இருப்பவர் எழுதும் பவரைத் தூதரக அதிகாரி முன்னால் எழுதலாம் என்று பதிவுச் சட்டத்தின் 33-வது பிரிவு சொல்கிறது. பத்திரம் ஊர் போய்ச் சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரை வரி கட்டவேண்டும், இது முத்திரைச் சட்டத்தின் 18-வது பிரிவு. கொடுத்தவர் அதை ரத்து செய்யலாம்; அவர் இறந்தால் பெரும்பாலும் அதிகாரமும் முடிந்தது. பேராசிரியர் அன்று நடத்தியதைத்தான் அந்த இரவு உஸ்தாதுக்கு என் பட்டறை இந்தியில் சொன்னேன்.

அவர் நேரம் எடுத்துக்கொண்டு யோசித்தார். "விற்கிறது வேண்டாம். பேர் மாத்த மட்டும்" என்றார். ஆபீஸ் கம்ப்யூட்டரில் புதிதாக அடித்தோம். கிராமம், தாலுகா, கசரா எண் (நம்ம சர்வே நம்பர்), நான்கு வாரிசுகளின் பெயர், அடையாள அட்டை எண்கள். இந்திகால் முடிந்ததும் அதிகாரமும் முடியும் என்று கடைசியில் ஒரு வரி.

மறுநாள் சாட்சிக்கு அவர்கள் நாட்டு அட்டை வைத்திருக்கும் இரண்டு பேர் வேண்டும் என்றார்கள். பட்டறையிலிருந்து இரண்டு பேரைக் கூட்டிப்போனோம். நான் டிரைவர் வேலை மட்டும்.

உள்ளே நடந்ததை வண்டியில் வரும்போது உஸ்தாத் சொன்னார். அதிகாரி பத்திரத்தைப் பஞ்சாபியிலேயே விளக்கி, "புரிஞ்சுதா? யாராவது கட்டாயப்படுத்தினாங்களா?" என்று கேட்டிருக்கிறார். பிறகு, "தம்பி ஊரிலேயே இருக்கும்போது மாப்பிள்ளைக்கு ஏன் கொடுக்கிறீங்க?"

"தம்பி கையில் கொடுத்தால் தங்கச்சிங்க பேர் வராது, சார்."

அந்த வார்த்தையை அதுவரை அவர் எங்கள் யாரிடமும் சொன்னதில்லை. கவுண்டருக்கு இந்தப் பக்கம் நின்று, அத்தனை பேர் காதில் விழச் சொல்லியிருக்கிறார். அதிகாரி ஒன்றும் பேசவில்லையாம். கைரேகை வாங்கி, படத்தின் மேல் முத்திரை வைத்து, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாராம்.

இதைத்தான் நான் முக்கியமாகச் சொல்ல வந்தேன். தூதரகம் என்றால் கொடியும் விருந்தும் என்று நமக்கு எண்ணம். கூலி ஆளுக்கு அது சப்-ரிஜிஸ்திரார் ஆபீஸ், தாலுகா ஆபீஸ், சில சமயம் சாவு வீடும்கூட. யாராவது இறந்துவிட்டால் மருத்துவமனைச் சான்று, போலீஸ் அனுமதி எல்லாம் எடுத்துக்கொண்டு அங்கேதான் ஓடவேண்டும். அவர்கள் பாஸ்போர்ட்டை ரத்து செய்து தடையில்லாச் சான்று தந்தால்தான் உடல் விமானம் ஏறும். பி.ஐ.ஏ. விமானங்கள் பல காலம் அவர்கள் நாட்டவரின் உடலை இலவசமாகவே கொண்டுபோய்ச் சேர்த்தன. அது பெரிய காரியம்.

உஸ்தாதின் பத்திரம் கூரியரில் போயிற்று. ஊரில் வெளியுறவு அமைச்சக முத்திரை, வரி எல்லாம் முடிந்து நான்கு பேர் பெயரும் பதிவேட்டில் ஏறிற்று. தம்பி இரண்டு வருஷம் பேசவில்லை. உஸ்தாதின் மகள் கல்யாணத்துக்குத்தான் வந்தான், அதுவும் சாப்பிடாமல் போய்விட்டான்.

இப்போது நிலைமை மாறியிருக்கிறது. 2021-ல் வெளிநாட்டுப் பாகிஸ்தானியருக்கு ஆன்லைன் பவர் வசதி கொண்டுவந்தார்கள். வீடியோ வழியாகவே கேள்வி கேட்கிறார்கள். அமெரிக்காவில் நானூறு மைல் வண்டி ஓட்டித் தூதரகம் போகிறவருக்கு இது வரப்பிரசாதம். ஆனால் பக்கத்தில் யார் நின்று தலையாட்டச் சொல்கிறார் என்பது திரையில் தெரியுமா? எனக்குச் சந்தேகம் உண்டு. 2023 மார்ச்சில் பாகிஸ்தானுக்கும் அப்போஸ்டில் ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது. நமக்கு அது 2005-லிருந்தே இருக்கிறது.

இந்த அரங்கில் பாதிப் பேருக்குப் பிள்ளைகள் வெளிநாட்டில். அவர்களிடமிருந்து பவர் வாங்கி நிலம், வீடு பார்க்கிறவர்கள் இருப்பீர்கள். சட்டம் ஒன்றுதான் என்பதால், அன்று அடித்த அந்த ஒரு பக்கப் பத்திரத்தின் நகலைப் பெயர்களை மறைத்துக் கொண்டு வந்திருக்கிறேன். வேண்டியவர்கள் சாப்பாட்டு நேரத்தில் என்னிடம் வாங்கிக்கொள்ளலாம். இருபது நகல்தான் எடுத்தேன். போதாவிட்டால் எதிரே ஜெராக்ஸ் கடை இருக்கிறது.